நாலடி எட்டங்குல ஊர்

உலகத்துக்கெல்லாம் பனியன் தைத்து அனுப்பிவிட்டு, தைக்கிறவர்கள் மட்டும் கிழிந்த பனியனோடு அலைந்த ஓர் ஊரில், சுகந்தி என்று ஒரு பெண் இருந்தாள். வயது முப்பத்து மூன்று, உயரம் நாலடி எட்டங்குலம், கல்யாணமாகி ஒன்பது வருஷம், குழந்தை இல்லை, தொழில் அளவுக்கு நிற்பது. தைத்த துணி உடம்பில் எப்படி உட்காருகிறது என்று பார்க்க ஓர் உடம்பு வேண்டும் அல்லவா, அந்த உடம்பு அவள். காலை ஒன்பது மணிக்கு மேஜைமேல் ஏறி நின்றால் சாயங்காலம் இறங்கும்வரை பத்துக் கைகள் அவள்மேல் குண்டூசி குத்தும், டேப் சுற்றும், அக்குளைத் தூக்கிப் பார்க்கும்.

அதற்கு முன்னால் ஆறு வருஷம் அவளுக்குக் கிடைத்ததெல்லாம் துணி விளம்பரப் படங்களில் குழந்தை வேஷம்தான். நிஜக் குழந்தைகளை நாள் முழுக்க விளக்கு வெளிச்சத்தில் நிறுத்தினால் அழும், தூங்கும், சட்டம் வேறு கேள்வி கேட்கும், சுகந்தி அழமாட்டாள். தாலியைச் சட்டைக்குள் தள்ளி மறைத்து, ரெட்டை ஜடை போட்டு, தண்ணீர் பாட்டிலைக் கழுத்தில் மாட்டிக்கொண்டு, 'பன்னிரண்டு முதல் பதிமூன்று வயது வரை' என்ற எழுத்துக்குக் கீழே சிரிப்பாள். இடைவேளையில் எல்லோருக்கும் காபி வரும், அவளுக்கு மட்டும் பால் வரும், கொடுக்கிற ஆள் "குடிச்சுக்கோ பாப்பா" என்பான், சுற்றி நிற்கிறவர்கள் தினமும் புதிதாகக் கேட்டதுபோலச் சிரிப்பார்கள். பட்டுப்புடவைக் கடை ஒன்று மேடையில் நடக்கப் பெண்களைத் தேடுகிறது என்று கேள்விப்பட்டு கோயமுத்தூர் போனபோது, அங்கிருந்தவன் அவளைத் தலையிலிருந்து கால்வரை பார்த்துவிட்டு, அதற்கு ஒன்றும் அதிக நேரம் ஆகவில்லை என்பதுபோல உடனே கையை விரித்தான்.

ஆகவே, சீமையிலும் குட்டைப் பெண்கள் இருக்கிறார்கள், அவர்களும் துணி உடுத்துகிறார்கள் என்ற சங்கதி அங்குள்ள கடைக்காரர்களுக்கு ஒருவழியாகத் தெரியவந்து, அவர்களுக்கென்று பெட்டீட் என்ற பெயரில் தனி வரிசை தைக்க நீலமேகம் கார்மென்ட்ஸுக்கு ஆர்டர் வந்தபோது, சுகந்திக்கு நிஜமாகவே சந்தோஷமாக இருந்தது. வெளிநாட்டுக் கடைக்காரர்களோடு பேசி ஆர்டர் பிடிக்கிற மெர்ச்சண்டைசர் தினகர், ஆறு மொழியில் சிரிக்கத் தெரிந்தவன், அவள் வீடு தேடி வந்து சொன்னான்.

"உங்க ஹைட்டுக்கு இந்த ஃபீல்டுல இனி நீங்கதானுங்க்கா ராணி. பாப்பா வேஷமெல்லாம் இனி வேண்டாமுங்க. பெரிய பொம்பளையாவே நிக்கலாம்."

பெரிய பொம்பளையாகத்தான் நின்றாள். ஆனால் மேஜையைச் சுற்றி நின்றவர்கள் அவளைச் சுகந்தி என்று கூப்பிடவில்லை. பாடி என்றார்கள். பாடியைத் திருப்பு, பாடி மூச்சு விடுது பாரு, பாடிக்கு இடுப்பு இருபத்தாறு கரெக்ட்டா என்று அவள் தலைக்குமேல் பேசிக்கொண்டார்கள். சாயங்காலம் வீட்டுக்கு வந்து இரண்டு வாளித் தண்ணீர் ஊற்றிக் குளித்தாலும் அந்த விரல்களின் ஈரம் போகாது.

அந்த ஊரில் ஒரு வழக்கம் உண்டு. வாங்குகிறவர் ஒரு துணியைப் பார்த்துச் சரியென்று சொல்லிவிட்டால், அதில் நம்பர் போட்ட ஒரு சிவப்புப் பிளாஸ்டிக் சீலைக் கோத்துவிடுவார்கள். அதன்பிறகு அதில் ஒரு நூலைக்கூட முதலாளியே தொடக்கூடாது, பின்னால் தைக்கிற லட்சம் உருப்படியும் அதைப்போலவேதான் இருக்க வேண்டும். சாம்பிள் எதுவோ அதுதான் புரொடக்ஷன் என்பது அங்கே பால்குடி மறக்காத பிள்ளைக்கும் தெரியும். முதல் கண்டெய்னர் கிளம்பும்போது சாமி படத்துக்குப் பக்கத்தில் சீல் வைத்த சாம்பிளையும் மாட்டிச் சூடம் காட்டுவார்கள், முதலாளியே செருப்பைக் கழற்றிவிட்டுக் கும்பிடுவார்.

பெட்டீட் வரிசையின் முதல் கவுனைச் சரியென்று சொன்ன வெள்ளைக்காரம்மாவுக்கு விமானத்துக்கு நேரமாகிவிட்டது. சீல் விழுவதைக் கண்ணால் பார்த்துவிட்டுத்தான் போவேன் என்று அந்தம்மா கைக்கடிகாரத்தைக் காட்டவே, கவுனைக் கழற்றவும் நேரமில்லாமல், குவாலிட்டி பார்க்கும் ஜோதிமணி, பதற்றத்தில், சுகந்தி உடுத்தியிருக்கும்போதே இடது தோள் தையலில் சீலைக் கோத்து நெட்டித் தள்ளினாள். க்ளிக் என்று பூட்டிக்கொண்டது. வெள்ளைக்காரம்மா போனபிறகு பார்த்தால், துணியோடு தோளின் தோலையும் சேர்த்துக் கோத்திருந்தது. ரத்தம் வரவில்லை, வலிக்கவும் இல்லை. கவுனை வெட்டி எடுத்துவிட்டார்கள், சீல் தோளிலேயே நின்றது. கத்தரி, குறடு, கட்டிங் மாஸ்டரின் பிளேடு எதற்கும் அது மசியவில்லை. ஜோதிமணி அழுதாள். முதலாளி பழனியப்பன் எட்டிப் பார்த்து, "அழுவாதே, துணிக்கு வேற சீல் போட்டுக்கலாம்" என்று சொல்லிவிட்டு டீ குடிக்கப் போனார்.

மறுநாள் விடிந்தபோது ஊர் சுகந்தியின் அளவுக்கு வந்திருந்தது. மனிதர்கள் அப்படியேதான் இருந்தார்கள்; பொருள்கள்தான் இறங்கியிருந்தன. வாசல் நிலைகள் நாலடி எட்டங்குலத்துக்குமேல் ஒரு செருப்புக் கனம் விட்டு நின்றன, குழாய்கள் இறங்கின, அலமாரிகள் இறங்கின, ரேஷன் கடை ஜன்னல் இறங்கியது, கண்டெய்னர் லாரிகள் கூனிக்கொண்டு நின்றன, ஊர் எல்லையில் கட்டியிருந்த 'நல்வரவு' வளைவுகூட மண்ணில் பாதி புதைந்ததுபோலத் தாழ்ந்து, வெளியூர்ப் பஸ்கள் உள்ளே வரமுடியாமல் அதற்கு அந்தப்பக்கமே நின்று ஆட்களை இறக்கிவிட்டுத் திரும்பின. ஊர்க்காரர்கள் ஒரு காலைப்பொழுது முழுக்க இடித்துக்கொண்டார்கள். மத்தியானம் யாரோ சுகந்தியின் தோளில் சீல் இருக்கிற கதையைச் சொன்னதும், அட, அப்படியா, சாம்பிள் எதுவோ அதுதானே புரொடக்ஷன் என்று சொல்லிக்கொண்டு, குனிந்து வேலைக்குப் போனார்கள்.

முதல் மூன்று நாள் சுகந்தி சந்தோஷமாக இருந்தாள், அதை மறைத்துப் பயனில்லை. ஸ்டூல் போடாமல் மேல்தட்டு டப்பாவை எடுத்தாள், வேண்டுமென்றே திரும்ப வைத்துத் திரும்ப எடுத்தாள். வங்கியில் உட்கார்ந்திருந்தவன் முதல்முறையாக அவள் கண்ணைப் பார்த்துப் பேசினான். பிறந்ததிலிருந்து யாருடைய வீட்டிலோ விருந்தாளியாக இருந்துவிட்டு இப்போதுதான் தன் வீட்டுக்கு வந்ததுபோல இருந்தது.

ஊரும் பழகிவிட்டது. குனிந்த முதுகுக்கென்று ஒரு தைலம் வந்தது, நன்றாக விற்றது. கல்யாணத் தரகர்கள் நெட்டைப் பையன்களின் ஜாதகத்தைக் கையால் தொடவில்லை. குழந்தைகள் குனிந்தே நடக்கப் பழகி, நிமிர்ந்து நிற்கச் சொன்னால் தலைசுற்றுகிறது என்றார்கள். கம்பெனிகளிலோ எந்த மிஷினில் யார் தைத்தாலும், குடிகாரன் தைத்தாலும், நேற்றுச் சேர்ந்தவள் தைத்தாலும், உருப்படி அச்சு அசலாகச் சுகந்தியின் அளவுக்கே விழுந்தது. ஒரு துண்டு ரிஜெக்ட் ஆகவில்லை. முதலாளிகள் சங்கம் கூடி, இந்த அதிசயத்துக்குக் காரணம் தேடி நேரத்தை வீணாக்க வேண்டாம், இதைக் கெடாமல் வைத்துக்கொள்வது எப்படி என்று மட்டும் பார்ப்போம் என்று முடிவு செய்தது.

கெடும் என்பது வெள்ளிக்கிழமை விரதத்தில் தெரிந்தது. சுகந்தி ஒரு வேளை சாப்பிடாமல் இருந்ததற்கு ஊரிலுள்ள கதவுகள் அரை விரல் ஒடுங்கின. பல்வலி வந்து கன்னம் வீங்கியபோது, எட்டாயிரம் டீ ஷர்ட்டின் கழுத்து இடதுபக்கம் புடைத்துக்கொண்டு வந்தது. அதோடு போயிற்று. சாம்பிள் ரூமில் ஏசி மாட்டி அவளை அங்கே உட்காரவைத்தார்கள். காலையில் மூன்று இட்லி, மத்தியானம் ஒரு கரண்டி சோறு. அரை இன்ச் கூடலாம், அரை இன்ச் குறையலாம், அதற்குமேல் கூடாது என்று சுவரில் எழுதி ஒட்டினார்கள். தெருவில் போனால் டீக்கடையில் நிற்கிறவர்கள், பெயர்கூடத் தெரியாதவர்கள், "சாம்பிள் கொஞ்சம் ஊதுன மாதிரி தெரியுதே" என்று அவள் காதுபடப் பேசினார்கள். பக்கத்து வீட்டுக்காரி அவள் குப்பையைக் கிளறி முறுக்குத் துண்டு கிடக்கிறதா என்று பார்த்தாள். தூ, என்ன ஜனம் இது என்று சுகந்திக்குத் தோன்றும். ஆனால் யாரைப் பார்த்துத் துப்புவது, எல்லோரும் மரியாதையாக வணக்கம் வைத்துவிட்டுத்தான் அளந்தார்கள்.

புருஷன் லோகநாதன் அயர்ன் மாஸ்டராக இருந்தவன். இப்போது அவனுக்கு நீலமேகத்தில் சூப்பர்வைசர் வேலை. ஒருநாள் காலை அவள் அடுப்பில் பால் வைத்துக்கொண்டிருந்தபோது பின்னால் வந்து இரண்டு கையாலும் அவள் இடுப்பைச் சுற்றிப் பிடித்தான். கல்யாணமான புதிதில் செய்தது, எத்தனையோ வருஷமாக இல்லாதது. சுகந்தி கண்ணை மூடிக்கொண்டு அவன் மார்பில் சாய்ந்தாள். இதுதான் சமயம், சொல்லிவிடலாம் என்று நினைத்தாள். இரண்டு மாதமாக மனதுக்குள்ளேயே பூட்டி வைத்திருந்த சேதி அது, ஒன்பது வருஷம் கோயில் கோயிலாக ஏறி இறங்கிக் கேட்ட சேதி.

அவன் அவள் காதருகே மெதுவாகச் சொன்னான்.

"இருபத்தாறே காலு. காலு இன்ச் ஏறியிருக்குது புள்ள."

சுகந்தியின் முதுகு முழுக்கப் புழு ஊர்ந்தது. பால் பொங்கி வழிந்தது. அவனை நெட்டித் தள்ளிவிட்டுத் திரும்பினாள்.

"அது கொழந்தை. உங்க கொழந்தைதான். போயி அதையும் எழுதிக்கங்க."

அவன் முகத்தில் முதலில் சந்தோஷம் வந்தது. அதை இல்லையென்று சொல்லக்கூடாது. இரண்டு நொடி இருந்தது. பிறகு அவன் கணக்குப் போட ஆரம்பித்தான், அதுவும் முகத்திலேயே தெரிந்தது. சட்டையை மாட்டிக்கொண்டு கம்பெனிக்கு ஓடினான்.

பத்து மணிக்கெல்லாம் அவளைச் சங்கக் கட்டடத்துக்குக் கூட்டிப்போனார்கள். நீண்ட மேஜைக்கு அந்தப்பக்கம் பதினோரு பேர், எல்லோரும் பெண்டு பிள்ளை உள்ளவர்கள், நெற்றியில் திருநீறு. நடுவில் பழனியப்பன். ஓரத்தில் தினகர். அவனுக்குப் பக்கத்தில் லோகநாதன், தரையைப் பார்த்துக்கொண்டு.

"நல்ல சேதிதானம்மிணி" என்று பழனியப்பன் ஆரம்பித்தார். "யாருமே வேண்டாம்னு சொல்லலே. இந்த சீசன் ஷிப்மென்ட் போயிரட்டும், அப்புறம் ஒண்ணென்ன, நாலு பெத்துக்கலாம். ஊரே சீர் செய்யும். இப்பத்திக்கு..."

ஒரு சின்னக் காகித உறையை மேஜைமேல் வைத்து ஒரு விரலால் அவள் பக்கம் தள்ளினார். உள்ளே மாத்திரை இரண்டு உருண்டன.

"யோசிச்சுப் பாருங்க்கா" என்றான் தினகர். "உங்க ஹைட்டுல இருக்கற ஒரு பொம்பளைக்கு இந்த ஃபீல்டுல இப்படியொரு வாய்ப்பு எங்கயாச்சும் கெடைச்சிருக்குதா?"

சுகந்தி லோகநாதனைப் பார்த்தாள். அவன் தலையை நிமிர்த்தவில்லை. அவளுக்கு அடிவயிற்றிலிருந்து ஒரு குமட்டல் கிளம்பியது, மசக்கையா அருவருப்பா என்று பிரித்துப் பார்க்க அவகாசமில்லை. மேஜையின் ஓரத்தைப் பிடித்துக்கொண்டு, உறையின்மேலும், ஃபைலின்மேலும், பழனியப்பனின் மோதிர விரல்மேலும் அன்றைய மூன்று இட்லியையும் வாந்தியெடுத்தாள். எடுத்து முடித்து முந்தானையால் வாயைத் துடைத்துக்கொண்டாள்.

"உங்க வீட்டுப் பொம்பளைகளுக்குக் குடுங்க" என்று சொல்லிவிட்டு, யாரும் குனியாமல் போகமுடியாத அந்த வாசல் வழியாக நிமிர்ந்து நடந்து வெளியே போனாள்.

அதன்பிறகு வயிறு வளர்ந்தது. ஊரும் வளர்ந்தது. வாசல் நிலைகள் நடுவில் மெல்ல வளைந்து புடைத்தன, கதவுகள் சாத்தவில்லை, நாற்காலிகளின் முதுகு பின்னால் சாய்ந்தது, தைத்து வந்த சட்டையெல்லாம் தொப்பையோடு வந்தது. பதினெட்டாயிரம் உருப்படி கிடங்கில் அடைந்து கிடந்தபோது ஊர் சுகந்தியைச் சபித்தது. மண்ணை வாரித் தூற்றாத குறை. காய்கறிக்காரன் அவளுக்குச் சொத்தைக் கத்தரிக்காயைப் போட்டான். லோகநாதன் பேச்சை நிறுத்தினான், ஆனால் அளப்பதை நிறுத்தவில்லை. அவள் தூங்குகிறாள் என்று நினைத்துக்கொண்டு மத்தியானத்தில் டேப்போடு வருவான்.

ஆறாவது மாதம் வெள்ளைக்காரம்மாவிடமிருந்து கடிதம் வந்தது. கிடங்கில் கிடந்த சட்டைகளில் ஒன்றைத் தினகர் எதற்கும் இருக்கட்டும் என்று அனுப்பி வைத்திருந்தான். குட்டையான கர்ப்பிணிகளுக்கு இத்தனை கச்சிதமாக இதுவரை உலகத்தில் யாரும் தைத்ததில்லை, இருப்பதை எல்லாம் அனுப்புங்கள், மாதத்துக்கு ஓர் அளவாகப் பிரசவம்வரை வேண்டும் என்று அந்தம்மா எழுதியிருந்தாள்.

கடிதம் வந்த அரைமணி நேரத்தில் பழனியப்பன் மாங்காய்க் கூடையோடு வந்தார். அதே மோதிர விரல். பதினோரு பேரும் வந்தார்கள், அவர்கள் சம்சாரங்கள் வந்தார்கள், வளையல் வந்தது, ஏழு வகைச் சோறு வந்தது, "எங்க ஊட்டுப் பொண்ணாட்ட" என்று ஒருத்தி கண்ணைத் துடைத்துக்கொண்டாள். காய்கறிக்காரன் பிஞ்சாகப் பொறுக்கிக்கொண்டு வந்து கொடுத்தான். மாத்திரை உறை என்று ஒன்று இருந்ததையே யாரும் நினைவு வைத்துக்கொள்ளவில்லை. அவர்கள் நடிக்கவில்லை, நிஜமாகவே மறந்துவிட்டார்கள், அதைத்தான் சுகந்தியால் தாங்கமுடியவில்லை. திட்டினால் திருப்பித் திட்டலாம், அடித்தால் கத்தலாம். எதைக் கொடுத்தாலும் விழுங்கிச் செரித்துவிட்டுச் சிரிக்கிற ஊரை என்ன செய்வது? வளைகாப்பு அன்று அவள் கையில் பதினேழு பெண்கள் வளையல் போட்டார்கள், பதினேழு பேரும் போட்டு முடித்ததும் விரலால் மணிக்கட்டைச் சுற்றிப் பார்த்தார்கள்.

ஒன்பதாவது மாதம் தொடங்கியது. ஒரு புதன்கிழமை காலை, சாம்பிள் ரூமுக்கு வெளியே தினகரும் லோகநாதனும் பேசிக்கொண்டிருந்தது, சாத்தாத கதவின் வழியாக அவளுக்குக் கேட்டது.

"நியூபார்ன் வரிசைக்கு மூணு கம்பெனி கேட்டிருக்குதுங்க" என்றான் தினகர். "பொறந்த அன்னிக்கே போட்டுரலாம். சின்னச் சீலா செய்யச் சொல்லியாச்சு."

"வளர்ற கொழந்தையாச்சே. தெனமும் அளவு மாறுமே."

"அக்காளுக்குப் போட்டப்ப வெவரம் தெரியாதுங்க. இப்பத்தான் குளிரு, சாப்பாடு எல்லாம் கன்ட்ரோல் பண்ணத் தெரியுமே. அரை இன்ச்சுக்குள்ள புடிச்சு வெச்சரலாமுங்க."

சுகந்தி புருஷன் சொல்லப்போகும் பதிலுக்குக் காத்திருந்தாள். ஒரே ஒரு வார்த்தை சொன்னால் போதும், இந்த மனுஷனோடு இன்னும் நாற்பது வருஷம் வாழ்ந்துவிடலாம் என்று நினைத்தாள்.

"தோள்ல வேண்டாமுங்க" என்றான் லோகநாதன். "கால்ல போட்டுக்கலாம். பாத்தா தெரியாது."

அவள் எழுந்தாள். மாற்றுப் புடவை ஒன்றையும் ஆஸ்பத்திரிச் சீட்டையும் மஞ்சள் பையில் போட்டுக்கொண்டாள். பட்டப்பகலில், கடைவீதி வழியாக, வயிற்றைத் தள்ளிக்கொண்டு எல்லையை நோக்கி நடந்தாள். ஊரே பார்த்தது, ஆனால் சீல் வைத்ததைக் கைவைத்துத் தடுக்கிற பழக்கம் அந்த ஊரில் இல்லாததால் ஒருவரும் தொடவில்லை, வழிவிட்டுக் கும்பிட்டார்கள். லோகநாதன் மட்டும் கழுத்தில் டேப் தொங்கப் பின்னாலேயே ஓடி வந்தான்.

"எங்க புள்ள போறே? வெளியூர்ல உனக்கு என்ன எட்டும்? மறுபடியும் பால் டம்ளரைக் கையில குடுத்துப் பாப்பான்னு கூப்பிடப் போறாங்க. இங்க உனக்குன்னே ஒரு ஊரு இருக்குதே."

அதில் பொய் ஒன்றும் இல்லை. அதனால்தான் அவள் திரும்பிப் பார்க்கவில்லை. வளைவைத் தாண்டினாள். அவனும் குனிந்து தாண்டினான். அந்தப்பக்கம் வானம் பழையபடி உயரமாக இருந்தது, மரங்கள் உயரமாக இருந்தன, அவன் நிமிரப் பார்த்தான், முதுகு வரவில்லை. இடுப்பில் கைவைத்துத் தள்ளித் தள்ளிப் பார்த்தான். ஒன்பது மாதமாக வளைந்த எலும்பு அப்படியே நின்றுவிட்டிருந்தது. அவளுக்குப் பாவமாகவும் இருந்தது, தொடவும் கூசியது. அவன் தரையைப் பார்த்தபடியே திரும்பி, தனக்குத் தோதான ஊருக்குள் போய்விட்டான்.

வெளியூர்ப் பஸ் வந்து நின்றது. அதிலிருந்து ஒரே ஒரு பெண் இறங்கினாள். இருபத்திரண்டு வயது இருக்கும், சுகந்தியைவிட இரண்டு விரல் குட்டை, படியிலிருந்து குதித்துத்தான் இறங்க வேண்டியிருந்தது. கையில் நாலாக மடித்த ஒரு நோட்டீஸ். அதில் தினகரின் போன் நம்பரும், 'நாலடி எட்டுக்குக் குறைவான பெண்களுக்கு ஃபேஷன் துறையில் அரிய வாய்ப்பு' என்ற எழுத்தும் இருந்தன. தேதி போன வாரத்துத் தேதி. ஆக, சுகந்தி கிளம்புவதற்கு முன்பே அவளை அவர்கள் கழித்துவிட்டார்கள்.

அந்தப் பெண் சுகந்தியின் ஜாக்கெட் ஓரத்தில் தெரிந்த சிவப்புச் சீலைப் பார்த்துவிட்டு, கும்பிடுவதா வேண்டாமா என்று தயங்கினாள்.

"என் பேரு அமுதாங்க. நீங்கதானாக்கா அது? இதைப் போடும்போது வலிக்குங்களா?"

சுகந்தி அவளைப் பார்த்தாள். பதில் சொல்வதற்கு முன்பே, அவளைக் கேட்காமலே, அவள் கண் வேலையை முடித்துவிட்டிருந்தது: தோள் பன்னிரண்டு, இடுப்பு இருபத்து நாலரை. கண்ணைத் தாழ்த்திக்கொண்டு, அந்தப் பெண்ணின் காலைப் பார்த்தபடியே எல்லாவற்றையும் சொன்னாள். பத்துக் கைகளைச் சொன்னாள், மூன்று இட்லியைச் சொன்னாள், மாத்திரை உறையைச் சொன்னாள், அடுப்படியில் புருஷன் காதில் சொன்னதைச் சொன்னாள், இதுவரை யாரிடமும் சொல்லாதது அது, பிள்ளையின் காலுக்குச் செய்து வைத்திருக்கிற சீலைச் சொன்னாள். கண்டக்டர் விசில் ஊதினார். அவள் நிறுத்தாமல் சொன்னாள்.

அமுதா ஒரு வார்த்தை விடாமல் கேட்டாள். கண்கூடக் கலங்கியது. பிறகு நோட்டீஸைத் திரும்ப மடித்துக்கொண்டே, வளைவைப் பார்த்துக் கேட்டாள்.

"அக்கா, உள்ள ஓடுற டவுன் பஸ்ஸுல மேல் கம்பி கைக்கு எட்டுமாமே. நெசமுங்களா?"

இல்லை என்று சொல்லிவிட வேண்டும் என்றுதான் சுகந்தி வாயைத் திறந்தாள்.

"எட்டும்" என்றாள்.

அமுதா பையைத் தோளில் ஏற்றிப் போட்டுக்கொண்டு, குனியாமல், வளைவுக்குள் நடந்து போனாள்.